பூரிக்கட்டையைக் கொஞ்சம் கீழே வையுங்கள்

கணவன் - மனைவி காமெடிக் குறும்படம் எடுக்கும் தம்பி, தங்கையருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பி, தங்கையரே,

உங்கள் படங்களை விடாமல் பார்க்கிறவர்களில் நானும் ஒருத்தி. ஒரு ஹால், ஒரு சமையலறை, இரண்டே நடிகர்கள் என்று வைத்துக்கொண்டு பத்து நிமிடத்தில் ஒரு கதையைச் சொல்லி முடிப்பது லேசான காரியம் இல்லை. வீட்டுக்காரரைக் கெஞ்சி, பக்கத்து வீட்டு மிக்சி சத்தம் ஓயும்வரை காத்திருந்து, கேமராவை ஒரு நண்பரிடமும் லைட்டை இன்னொரு நண்பரிடமும் இரவல் வாங்கித்தான் எடுக்கிறீர்கள் என்பதும் தெரியும். அந்த மரியாதையோடுதான் இந்தக் குறையைச் சொல்கிறேன்.

முக்கால்வாசிப் படங்களில் அடுத்து என்ன வரும் என்பது முன்கூட்டியே தெரிந்துவிடுகிறது. கணவன் போனை மறைப்பான், மனைவி சந்தேகப்படுவாள். "எங்கம்மா வர்றாங்க" என்று அவள் சொன்னதும் 'டொய்ங்' என்று ஒரு சத்தம். அவள் ஊருக்குக் கிளம்பியதும் அவன் குத்தாட்டம் போடுவான். ரயிலைத் தவறவிட்டு அவள் வாசலில் வந்து நிற்பாள். கையில் பூரிக்கட்டை. வாரப் பத்திரிகைத் துணுக்குகளில் நம் தாத்தாமார் சிரித்துத் தீர்த்த சங்கதிகள் இவை. இதில் மனைவிக்கு இரண்டே வேலை: கத்துவது, அடிப்பது. சிரிக்க வைக்கிற வேலை முழுவதும் கணவன் கையில். அந்தப் பெண்ணுக்கு நடிப்பு வராமல் இல்லை. நீங்கள் அவளுக்கு வேலை வைக்கவில்லை.

என் வேண்டுகோள் இதுதான். அடுத்த ஸ்கிரிப்டுக்கு உட்காரும் முன், நூறு வருடத்துக்கு முந்தைய ஊமைப் படங்களில் சிலவற்றைப் பார்த்துவிடுங்கள். சாப்ளினின் தொப்பியும் தடியும் உங்களுக்கு அத்துப்படி. அதை மறுபடி பார்க்கச் சொல்லவில்லை. வீட்டுக்குள் நடக்கும் கூத்தை மட்டுமே வைத்து பிரான்சிலும் இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் எடுத்த குட்டிப் படங்களைச் சொல்கிறேன். ஒரு ரீல் என்றால் பத்திலிருந்து பதினைந்து நிமிடம். உங்கள் அளவுதான்.

சினிமா பிறந்த அன்றே வீடும் சிரிப்பும் திரைக்கு வந்துவிட்டன. 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸின் கிராண்ட் கஃபேயில் லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிக்கொண்டு பத்துப் படங்கள் காட்டினார்கள். ஒன்றில் தோட்டக்காரர் குழாயால் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் வந்த பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் ஏன் நின்றது என்று அவர் குழாயின் வாயை உற்றுப் பார்க்கும் நேரம் பார்த்துக் காலை எடுக்கிறான். இன்னொன்றில் அகுஸ்த் லூமியேரும் அவர் மனைவியும் கைக்குழந்தைக்குச் சாப்பாடு ஊட்டுகிறார்கள். ஒன்று காமெடி, மற்றது குடும்பம். அடுத்த சில வருடங்களில் இரண்டையும் ஒரே வீட்டில் குடிவைத்துவிட்டார்கள்.

அப்படிக் குடிவைத்தபோது முதலில் அகப்பட்டது வீட்டு வேலைக்காரப் பெண். இங்கே இரண்டு படங்களை அடுத்தடுத்துப் பார்க்கச் சொல்வேன். எடிசன் கம்பெனி 1901இல் எடுத்தது 'தி ஃபினிஷ் ஆஃப் பிரிட்ஜெட் மெக்கீன்'. பருத்த உடம்புக்காரியான சமையல்காரி அடுப்புப் பற்றாமல் திண்டாடுகிறாள், மண்ணெண்ணெயை ஊற்றுகிறாள், அடுப்பு வெடிக்கிறது, அவள் மேலே பறக்கிறாள். அடுத்தது கல்லறை. அதில் எழுதியிருக்கும் வாசகத்தோடு படம் முடிகிறது. பிரிட்ஜெட் என்பது அன்றைய அமெரிக்காவில் அயர்லாந்திலிருந்து பிழைக்க வந்த வேலைக்காரப் பெண்களுக்கெல்லாம் ஒட்டிய கேலிப் பெயர். முதலாளி வீட்டார் பார்த்து, "இவளுக்கு இவ்வளவுதான் புத்தி" என்று சிரிப்பதற்காகச் செய்த படம்.

இரண்டு வருடம் கழித்து, 1903இல், இங்கிலாந்தின் ஹோவ் நகரில் ஜி. ஏ. ஸ்மித் கிட்டத்தட்ட அதே கதையை எடுத்தார். 'மேரி ஜேன்ஸ் மிஸ்ஹாப்'. மேரி ஜேனாக நடித்தவர் அவருடைய மனைவி லாரா பெய்லி. மேடையில் பழகிய நடிகை. நான்கு நிமிடப் படத்தில் அவர் செய்வதைக் கவனியுங்கள். கொட்டாவி விட்டுக்கொண்டே வருகிறாள், பூட்ஸுக்குப் பாலிஷ் போடுகிறாள். அந்தக் கறுப்பு மூக்குக்குக் கீழே ஒட்டி மீசையாகிவிடுகிறது. உடனே கேமரா அவள் முகத்துக்குக் கிட்டே போகிறது. அந்த மீசையோடு நம்மைப் பார்த்துக் கண் சிமிட்டுகிறாள். பிறகுதான் பாரஃபின் எண்ணெய், வெடிப்பு, புகைபோக்கி வழியாக மேலே போவது, துண்டு துண்டாகக் கூரைமேல் விழுவது எல்லாம். கடைசியில் கல்லறை. அங்கேயும் அடங்கவில்லை. ஆவியாக எழுந்து வந்து, எண்ணெய் டப்பாவைத் தேடி எடுத்துக்கொண்டுதான் திரும்பிப் போகிறாள். கல்லறையைப் பார்க்க வந்தவர்கள் ஓட்டமெடுக்கிறார்கள்.

கதை ஒன்று, வெடிப்பு ஒன்று, சாவும் ஒன்று. ஆனால் பிரிட்ஜெட்டைப் பார்த்து நாம் சிரிக்கிறோம். மேரி ஜேனோடு சேர்ந்து சிரிக்கிறோம். அந்த ஒரு கண் சிமிட்டல் செய்த வித்தியாசம் அது. "நான் செய்வது எனக்குத் தெரியும், நீயும் பார்த்துக்கொண்டிருக்கிறாய் என்பதும் தெரியும்" என்று அவள் சொல்லிவிட்டாள். 'ஸ்டவ் வெடித்து இளம்பெண் சாவு' என்ற செய்தியைப் பேப்பரில் படித்து வளர்ந்த தலைமுறை என்னுடையது. அடுப்பு வெடிப்பதை வைத்து என்னைச் சிரிக்க வைப்பது சுலபம் இல்லை. பிரிட்ஜெட்டால் முடியவில்லை. மேரி ஜேனால் முடிந்தது. உங்கள் படத்தில் அப்படிக் கண் சிமிட்டும் உரிமை யாரிடம் இருக்கிறது? இந்த மடலில் நான் கேட்க வந்த கேள்வி இதுதான். மற்றதெல்லாம் இதற்கு விளக்கம்.

அந்த உரிமையைப் பெண்ணிடம் முழுதாகக் கொடுத்தவர் அலிஸ் கீ. பாரிஸில் கோமோன் கம்பெனியில் செக்ரட்டரியாகச் சேர்ந்து, அங்கேயே படம் எடுக்கத் தொடங்கியவர். 1906இல் அவர் எடுத்த 'மதாம் ஆ தேஸாங்வீ' ஒரு மசக்கைக்காரியின் கதை. நிறைமாதக் கர்ப்பிணி ஒருத்தி தெருவில் போகிறாள். கணவன் பின்னால் குழந்தை வண்டியைத் தள்ளிக்கொண்டு வருகிறான். ஒரு குழந்தை கையிலிருக்கும் குச்சி மிட்டாயைப் பார்க்கிறாள், பறிக்கிறாள். கஃபேயில் ஒருவருடைய மதுவை எடுத்துக் குடிக்கிறாள். ஓர் ஏழையின் மீன், வழிப்போக்கன் ஒருவனின் புகைக்குழாய், எதுவும் தப்பவில்லை. ஒவ்வொரு தடவையும் ஷாட் மாறி, அவள் முகம் மட்டும் பெரிதாக வருகிறது. சப்புக்கொட்டி, கண்ணை உருட்டி, ரசித்து ருசிக்கிறாள். பறிகொடுத்தவர்களிடம் அடி வாங்குவதும் சமாதானம் சொல்வதும் கணவன் பாடு. மசக்கை என்றாலே மாங்காய் கடிக்கும் ஒரு ஷாட்டோடு முடித்துக்கொள்கிற நாம், அதில் இவ்வளவு அராஜகம் ஒளிந்திருப்பதை யோசித்ததே இல்லை.

அலிஸ் கீ பிறகு அமெரிக்காவுக்குப் போய் 1910இல் சோலாக்ஸ் என்று சொந்தக் கம்பெனி தொடங்கினார். அங்கே 1913இல் எடுத்த 'எ ஹவுஸ் டிவைடட்' உங்கள் 'சந்தேகக் கதை'க்கு நேரடிப் பாடம். கணவன் மேல் செண்ட் வாசனை. வீட்டில் யாரோ ஒரு ஆணின் கையுறை. இருவருக்கும் சந்தேகம். இரண்டும் வீண் சந்தேகம் என்பது நமக்கு முதலிலேயே தெரியும். அவர்கள் அடித்துக்கொள்ளவில்லை. வக்கீலை வைத்து ஒப்பந்தம் போட்டு, ஒரே வீட்டில் பேச்சுவார்த்தை இல்லாமல் குடித்தனம் நடத்துகிறார்கள். சொல்ல வேண்டியதைச் சீட்டில் எழுதி நீட்டுகிறார்கள். ஊமைப் படத்தில் ஏற்கெனவே யாரும் பேச முடியாது. அதில் பேசக் கூடாது என்று ஒரு ஒப்பந்தமும் போட்டால் எப்படி இருக்கும்! இன்று இதையே எடுத்தால் சீட்டுக்குப் பதில் வாட்ஸ்அப். பக்கத்து ரூமுக்கு மெசேஜ் அனுப்பும் தம்பதியை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம்.

பிரெஞ்சுப் படங்களில் இன்னும் முரட்டுப் பெண்கள் இருக்கிறார்கள். பாத்தே கம்பெனியின் லியோன்தீன் என்ற வாண்டு, 1911இல் வந்த ஒரு படத்தில், பொம்மைக் கப்பல் விடுவதற்காக வீட்டையே தண்ணீரில் மூழ்கடிக்கிறாள். சாரா துஹாமெல் நடித்த ரோசலி, கிராமபோன் வைத்தால் மேசை நாற்காலியெல்லாம் சேர்ந்து ஆடுகின்றன. இத்தாலியில் லேயா ஜுங்கி, 'படித்தது போதும், உட்கார்ந்து பின்னல் போடு' என்று வீட்டார் சொன்னதும், தொலைந்த நூல்கண்டைத் தேடுகிறேன் என்று வீட்டைத் தலைகீழாக்குகிறார், இது 1913. சொன்ன வேலையைச் சிரத்தையாகச் செய்தே சொன்னவர்களைப் பழிவாங்கும் இந்த உத்தி எந்த மருமகளுக்கும் புரியும். இத்தகைய படங்கள் தொண்ணூற்றொன்பதைத் தேடித் தொகுத்து, 'சினிமாஸ் ஃபர்ஸ்ட் நாஸ்டி விமன்' என்று 2022இல் வெளியிட்டிருக்கிறார்கள். தேடினால் கிடைக்கும்.

இனி உங்கள் சொந்தக்காரர்களுக்கு வருகிறேன். புரூக்ளினில் இருந்த வைட்டாகிராஃப் கம்பெனியில் 1910 முதல் ஜான் பன்னியும் ஃப்ளோரா ஃபின்ச்சும் ஜோடி சேர்ந்தார்கள். அவர் மலை மாதிரி. அவர் மனைவியாக வருபவர் ஈர்க்குச்சி. குண்டுக் கணவன், ஒல்லி மனைவி, திருட்டுச் சீட்டாட்டம் என்கிற சரக்கெல்லாம் இவர்கள் கடையில் விற்றது. 1912இன் 'எ க்யூர் ஃபார் போக்கரைடிஸ்' பாருங்கள். இனிச் சீட்டைத் தொடமாட்டேன் என்று சத்தியம் செய்த கணவன், சங்கக் கூட்டம் என்று பொய் சொல்லிவிட்டு வாரா வாரம் ஆடப் போகிறான். தூக்கத்தில் உளறி மாட்டிக்கொள்கிறான். மனைவி கையை ஓங்கவில்லை, திட்டம் போடுகிறாள். அவளுடைய சொந்தக்காரப் பையன் தன் பைபிள் வகுப்பு நண்பர்களுக்குப் போலீஸ் வேஷம் போட்டு ரெய்டு விடுகிறான். ஆட்டக்காரர்கள் நடுங்கி நிற்கும்போது மனைவிமார் வந்து ஜாமீன் எடுப்பதுபோல் அவரவர் கணவனை ஓட்டிக்கொண்டு போகிறார்கள். பழைய சரக்குதான். ஆனாலும் கணவன் பொய்க்கு மனைவி போட்ட பதில் நாடகம், அவன் பொய்யைவிடப் பத்து மடங்கு அழகாக இருக்கிறது. அமெரிக்க அரசு பாதுகாக்கும் தேசியத் திரைப்படப் பட்டியலில் 2011இல் இது இடம்பெற்றது.

பன்னி 1915இல் காலமானார். அதே கம்பெனியில் அப்போது சிட்னி ட்ரூவும் அவர் மனைவி லூசில் மெக்வேயும் வேறொரு பாதையைப் போட்டுக்கொண்டிருந்தார்கள். விழுவது, உருள்வது, துரத்துவது எதுவும் கிடையாது. 1915இன் 'ஃபாக்ஸ் ட்ராட் ஃபினெஸ்'இல் மனைவிக்கு நடனப் பைத்தியம்; ஆடி ஆடி அலுத்த கணவன் கால் சுளுக்கியதாக நடிக்கிறான். அவ்வளவுதான் கதை. நொண்டுவதை எந்தக் காலில் தொடங்கினோம் என்று ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டிய கஷ்டம் பொய் சொன்ன எல்லாக் கணவனுக்கும் தெரியும். பெரிய சண்டையை விட்டுவிட்டுச் சின்னப் பொய்யைப் பிடித்ததுதான் இவர்கள் சாமர்த்தியம்.

பொருட்களைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். உங்கள் படங்களில் வீடு பின்னணியாக நிற்கிறது. அன்றைய படங்களில் வீடும் நடித்தது. 1910இல் மாக்ஸ் லாந்தேர் எடுத்த குளியல் படத்தில், தினமும் குளிக்கச் சொல்லி டாக்டர் எழுதிக் கொடுக்கிறார். மாக்ஸ் தொட்டி வாங்கி வந்துவிடுகிறார். தண்ணீர்க் குழாயோ வீட்டுக்கு வெளியே, மாடிப்படி முகப்பில். கொஞ்சம் கொஞ்சமாகப் பிடித்து வந்து ஊற்றிப் பார்க்கிறார். நிறைகிற வழியாக இல்லை. பேசாமல் தொட்டியைக் குழாயடிக்கே இழுத்துப் போய், போகிற வருகிறவர்கள் நடுவே குளிக்க உட்கார்ந்துவிடுகிறார். போலீஸ் வந்து தொட்டியோடு தூக்கிக்கொண்டு போகிறது. பொதுக்குழாயில் குடம் பிடித்த அனுபவம் உள்ள ஊரில் இதற்கு விளக்கம் வேண்டாம். ஒரு தொட்டி, ஒரு குழாய், இரண்டுக்கும் நடுவே கொஞ்ச தூரம். கதை முழுவதும் அந்தத் தூரத்தில் இருக்கிறது.

பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்' (1920) இந்த வழியில் உச்சம். புதுமணத் தம்பதிக்குக் கல்யாணப் பரிசாக, பெட்டி பெட்டியாக ஒரு வீடு வருகிறது. நம்பர் பார்த்துக் கட்டிக்கொள்ள வேண்டியதுதான். பெண்ணை மணக்க முடியாமல் போனவன் பெட்டிகளின் நம்பரை மாற்றிவிடுகிறான். கோணல் மாணலாக ஒரு வீடு எழும்புகிறது. 13ஆம் தேதி வெள்ளிக்கிழமை புதுமனை புகுவிழா. புயலில் வீடு ராட்டினமாகச் சுற்றுகிறது. இதற்காகவே நிஜ வீட்டைச் சுழலும் மேடைமேல் கட்டியிருந்தார்கள். இதில் நீங்கள் பார்க்க வேண்டியது மனைவியாக வரும் சிபில் சீலியை. புருஷனோடு சேர்ந்து அவரும் அத்தனை பாடும் படுகிறார். "உன்னைக் கட்டிக்கிட்டதே தப்பு" என்கிற முகத்தை ஒரு இடத்திலும் காட்டவில்லை. கடைசியில் தண்டவாளத்தில் மாட்டிக்கொண்ட வீட்டை நோக்கி ரயில் வருகிறது. இருவரும் கண்ணை மூடிக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று மூச்சு விடும்போது எதிர்த்திசையில் இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்குகிறது. கணவனும் மனைவியும் ஒரே அணியில் நின்று வீட்டோடு மல்லுக்கட்டினால், சிரிப்புக்குப் பஞ்சமே வராது என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

ஒரே ஒரு படத்துக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் 'பாஸ் தி கிரேவி' பாருங்கள். 1928, ஹால் ரோச் கம்பெனி, இரண்டு ரீல். மாக்ஸ் டேவிட்சனுக்கும் பக்கத்து வீட்டுக்காரருக்கும் ஆகாது. இவர் வீட்டுப் பெண்ணும் அவர் வீட்டுப் பையனும் காதலிப்பதால் சமாதான விருந்து ஏற்பாடாகிறது. கோழி வாங்கி வரப் போன மகன், காசைப் பையில் போட்டுக்கொண்டு, பக்கத்து வீட்டுக்காரர் உயிராக வளர்க்கும் பரிசுச் சேவலைப் பிடித்து அடித்துக் கொண்டுவந்துவிட்டான். வறுபட்டு மேசைக்கு வந்த சேவலின் காலில் 'முதல் பரிசு' என்ற பட்டை அப்படியே இருக்கிறது.

மேசையைச் சுற்றி இருப்பவர்களை எண்ணுங்கள். சேவலின் சொந்தக்காரருக்கு விஷயம் தெரியாது. அப்பாவுக்கும் தெரியாது; ஆசையாக வெட்டிச் சாப்பிடத் தயாராகிறார். மகளுக்கும் மாப்பிள்ளைக்கும் தெரிந்துவிடுகிறது. விருந்தாளி எதிரில் வாயைத் திறந்து சொல்ல முடியாது. எனவே அப்பாவுக்கு மட்டும் புரியும்படி சைகை காட்டுகிறார்கள். பெண் சேவலாக மாறி இறக்கையடிக்கிறாள், கழுத்து அறுபடுகிறாள், சாகிறாள். அப்பா, பிள்ளைகள் ஏதோ வேடிக்கை காட்டுகிறார்கள் என்று சந்தோஷப்படுகிறார். மறுபடி நடிக்கிறாள். மறுபடி அவருக்குப் புரியவில்லை. அவருக்குக் கடைசியில் பொறி தட்டும்போது அந்த முகத்தில் வரும் மாற்றத்தைச் சொல்லி விளக்க முடியாது. அதுவரை கேமரா மேசையை விட்டு நகர்வது அபூர்வம். வீட்டு நகைச்சுவைக்கு வேண்டியது இவ்வளவே: விருந்தாளி முன் மானம் போகக் கூடாது, உண்மை மேசை நடுவில் தட்டில் கிடக்கிறது, அதைப் பார்வையாளன் முதலிலேயே பார்த்துவிட்டான். மார்த்தா ஸ்லீப்பர் என்ற அந்தப் பெண்ணுக்குக் கிடைத்த மாதிரி ஒரு காட்சியை உங்கள் கதாநாயகி யாருக்காவது எழுதியிருக்கிறீர்களா?

அந்தக் காலப் படமெல்லாம் மாணிக்கம் என்று சொல்ல வரவில்லை. இனத்தைக் கேலி செய்கிற, ஏழையைக் கேலி செய்கிற குப்பையும் ஏராளம். அலிஸ் கீயே 1906இல் ஆண்கள் துணி தைக்க, இஸ்திரி போட, பெண்கள் கஃபேயில் உட்கார்ந்து குடிக்கும் ஒரு தலைகீழ் உலகத்தைக் காட்டிவிட்டு, கடைசியில் ஆண்கள் பொங்கியெழுந்து கஃபேயை மீட்பதாகத்தான் முடித்தார். அதுவும் சமர்த்துதான்: கஃபேயில் ஆண்கள் இவ்வளவு நாளும் எப்படி நடந்துகொண்டார்கள் என்பதை அதற்குள் காட்டி முடித்துவிட்டாரே. நல்லதை எடுத்துக்கொண்டு மற்றதைத் தள்ளிவிடுங்கள்.

"இதெல்லாம் சரி அக்கா, எங்களுக்கு வியூஸ் வேண்டாமா?" என்று கேட்பீர்கள். அவர்களுக்கும் வேண்டியிருந்தது. 1905க்குப் பிறகு அமெரிக்காவில் ஊருக்கு ஊர் முளைத்த நிக்கலோடியன் கொட்டகைகளில் டிக்கெட் ஐந்து சென்ட். பல கொட்டகைகளில் தினமும் படம் மாறும். பிடிக்காவிட்டால் எழுந்து பக்கத்துக் கொட்டகைக்குப் போய்விடுவார்கள். உங்கள் பார்வையாளர் கட்டைவிரலால் தள்ளிவிட்டுப் போவதற்கும் அதற்கும் பெரிய வித்தியாசம் இல்லை. அந்தப் போட்டியில்தான், வசனமே இல்லாமல், இவர்கள் நின்றார்கள்.

ஆகவே ஒரு பயிற்சி. அடுத்த படத்தை எடுக்கும் முன், இரண்டு நிமிடத்துக்கு வசனம் இல்லாமல் ஒரு காட்சி எடுத்துப் பாருங்கள். வீட்டில் இருக்கும் ஒரே ஒரு பொருள், ஒரு சின்னப் பொய். சிலிண்டர் மாற்றத் தெரியும் என்று மாமனாரிடம் பீற்றிக்கொண்ட மாப்பிள்ளை. உடைந்த பீங்கான் கோப்பையை ஒட்டவைத்து, அதிலேயே விருந்தாளிக்குக் காபி கொடுக்க வேண்டிவந்த மருமகள். பொய் என்ன என்பதைப் பார்வையாளனுக்கு முதல் ஷாட்டிலேயே காட்டிவிடுங்கள். கடைசிவரை ஒளித்துவைத்து 'ட்விஸ்ட்' என்று கொடுக்காதீர்கள். 'டொய்ங்' சத்தத்தை மியூட் செய்துவிட்டுப் பாருங்கள். அப்போதும் சிரிப்பு வந்தால் காட்சி தேறியது.

கடைசியாக ஒரு நியாயம் கேட்கிறேன். 1908இலும் 1909இலும் பயோகிராஃப் கம்பெனியின் 'ஜோன்ஸ்' தம்பதிப் படங்களில் மனைவியாக வந்து ஊரைச் சிரிக்க வைத்தவர் ஃப்ளாரன்ஸ் லாரன்ஸ். கம்பெனி அவர் பெயரைப் போடவில்லை. சனங்கள் 'பயோகிராஃப் பெண்' என்றே சொல்லிக்கொண்டார்கள். லியோன்தீனாக நடித்தது யார் என்று அன்று யாரும் எழுதிவைக்கவில்லை. லூசில் மெக்வே அந்தக் கணவன் - மனைவிப் படங்களில் பலவற்றுக்குக் கதை எழுதினார், சேர்ந்து இயக்கினார். கணவர் 1919இல் இறந்த பிறகு 1921இல் தனியாக ஒரு முழுநீளப் படமே இயக்கினார். அப்போதும் திரையில் அவர் பெயர் 'மிஸஸ் சிட்னி ட்ரூ'.

உங்கள் படங்களில் மனைவியாக நடிக்கும் பெண்கள் ஷூட்டிங்கில் சொந்தமாகச் சேர்க்கும் வசனமும் முகபாவமும் எனக்குத் தெரிகின்றன. பல படங்களில் நான் சிரித்தது அந்த இடத்தில்தான். ஆனால் எழுத்து, இயக்கம் என்று வரும் இடத்தில் அவர்கள் பெயர் இல்லை. அடுத்த படத்துக்கு ஸ்கிரிப்ட் பேசும்போது அவர்களையும் உட்கார வையுங்கள். "இந்த இடத்தில் நீ என்னம்மா செய்வாய்?" என்று கேளுங்கள். அவர்கள் சொன்னது படத்தில் இருந்தால், டைட்டிலில் 'கதை' என்பதற்கு எதிரே அவர்கள் பெயரையும் போடுங்கள். போட்டுவிட்டு லிங்க்கை அனுப்புங்கள். முதல் ஆளாகப் பார்த்து, நாலு பேருக்கும் அனுப்புகிறேன்.

அன்புடன்,
உங்கள் படங்களை ஸ்கிப் செய்யாமல் பார்க்கும் ஓர் அக்கா